ஞாயிற்றுக்கிழமை கை உயர்த்துவதற்கு முன் இதை ஒருமுறை வாசியுங்கள்



இது நீண்ட பதிவு. தலைப்பை மட்டும் பார்த்துவிட்டுப் பகிர வேண்டாம். முழுதாக வாசித்த பிறகு எங்களை ஏசுவதாக இருந்தால் தாராளமாக ஏசுங்கள்.

கடந்த வாரம் நமது ஊர் வட்ஸ்அப் குழுக்களில் இரண்டு செய்திகள் சுற்றின. முதலாவது வெளியிலிருந்து வந்தது. "1954இல் அமெரிக்க நீதிமன்றம் ஒரே தீர்ப்பில் இனவாரிப் பாடசாலைகளை ஒழித்துக்கட்டியது. இலங்கையிலும் முஸ்லிம் பாடசாலைகளை மூட வேண்டும்" என்பது அதன் சாரம். நம்மவர்கள் கொதித்துப் போனார்கள். கொதித்ததில் பிழையில்லை.

இரண்டாவது செய்தி நம்மவர்களே எழுதியது. வருகிற ஞாயிற்றுக்கிழமை பாடசாலை அபிவிருத்திச் சங்கக் கூட்டத்தில், உயர்தர விஞ்ஞானப் பிரிவுக்கு முஸ்லிம் அல்லாத பிள்ளைகளைச் சேர்ப்பதில்லை என்று தீர்மானம் எடுக்க வேண்டுமாம். விஷயம் என்னவென்றால், பக்கத்துத் தோட்டப் பாடசாலையிலிருந்து நான்கு பிள்ளைகள் விண்ணப்பித்திருக்கிறார்கள். அங்கே உயர்தர விஞ்ஞானப் பிரிவு கிடையாது. நால்வரின் சாதாரண தரப் பெறுபேறும் சுற்றுநிருபம் கேட்பதற்குக் குறைவில்லை. இருந்தும் "இது நம்மட பிள்ளைகளுக்கான ஸ்கூல்" என்று ஒருவர் எழுத, கீழே வரிசையாகக் கட்டை விரல்கள். முதல் செய்திக்குக் கொதித்த அதே ஆட்களின் கட்டை விரல்கள்.

ஆசிரியர்களான நாங்களும் அந்தக் குழுவில் இருக்கிறோம். வாசித்தோம். ஒரு வார்த்தை எழுதவில்லை. அந்த மௌனத்துக்கு வெட்கப்பட்டுத்தான் இதை எழுதுகிறோம்.

இரண்டு செய்தியையும் எழுதியவர்கள் அந்த அமெரிக்க வழக்கை வாசித்ததில்லை. வாசித்திருந்தால் முதலாமவர் அதை நமக்கு எதிராகத் தூக்கியிருக்க மாட்டார். இரண்டாமவர் அந்தத் தீர்மானத்தை எழுதியிருக்கவே மாட்டார். அந்த வழக்கு என்ன சொன்னது, அதை யார் நடத்தினார்கள், என்ன விலை கொடுத்தார்கள் என்று முதலில் பார்ப்போம். பிறகு ஞாயிற்றுக்கிழமைக்கு வருவோம்.

1896இல் அமெரிக்க உயர் நீதிமன்றம் பிளெஸ்ஸி வழக்கில் ஒரு தீர்ப்புச் சொன்னது. வழக்கு ரயில் பெட்டி பற்றியது. வெள்ளையருக்கு ஒரு பெட்டி, கறுப்பினத்தவருக்கு வேறொரு பெட்டி என்று ஒதுக்குவது சட்டத்துக்கு முரணில்லை, இரண்டும் சமமாக இருந்தால் போதும் என்றது நீதிமன்றம். ரயில் பெட்டிக்குச் சொன்ன அந்தக் கதை வகுப்பறைக்குள்ளும் ஏறியது. 1950களின் தொடக்கத்தில் 17 மாநிலங்களில் பிள்ளைகளைத் தோல் நிறத்தைப் பார்த்துப் பிரித்தே ஆக வேண்டும் என்று சட்டம் இருந்தது. வேறு சில மாநிலங்கள் விரும்பினால் பிரிக்கலாம் என்று விட்டிருந்தன.

சமம் என்றார்களே, அந்தச் சமத்தைப் பாருங்கள். தென் கரோலினா மாநிலத்தில் கிளாரண்டன் என்றொரு மாவட்டம். பருத்தி விளையும் பூமி. 1949-50 கல்வியாண்டில் அங்கே ஒரு வெள்ளைப் பிள்ளைக்கு 179 டொலர் செலவழித்தார்கள். ஒரு கறுப்பினப் பிள்ளைக்கு 43 டொலர். வெள்ளைப் பிள்ளைகளை ஏற்றிச் செல்ல 30 பஸ்கள் ஓடின. கறுப்பினப் பிள்ளைகளுக்கு ஒன்றுகூட இல்லை. அவர்கள் மைல் கணக்கில் நடந்தார்கள்.

அந்த ஊரில் ஜோசப் டிலேன் என்றொரு பாதிரியார் இருந்தார். அவர் பாடசாலை ஆசிரியரும்கூட. அவருடைய தூண்டுதலில் லீவாய் பியர்சன் என்ற விவசாயி, பிள்ளைகளுக்கு ஒரு பஸ் தாருங்கள் என்று வழக்குப் போட்டார். கேட்டது ஒரு பஸ், அவ்வளவுதான். அவருடைய காணி இரண்டு கல்விப் பிரிவுகளின் எல்லையில் கிடந்தது, வரி கட்டுவது அடுத்த பிரிவுக்கு என்று சொல்லி 1948இல் வழக்கைத் தள்ளிவிட்டார்கள். அத்தோடு விடவில்லை. விதைக்கும் உரத்துக்கும் அவருக்குக் கடன் கொடுப்பதையும் நிறுத்தினார்கள்.

ஊரார் ஓய்ந்துவிடவில்லை. 1949இல் ஒரு மனு எழுதி, 107 பேர் கையெழுத்து வைத்தார்கள். இப்போது கேட்டது பஸ் மட்டுமல்ல. கட்டடம், ஆசிரியர், எல்லாவற்றிலும் சமம் வேண்டும் என்றார்கள். கையெழுத்துப் பட்டியலின் தொடக்கத்தில் இருந்த பெயர் ஹரி பிரிக்ஸ். பெற்றோல் செட்டில் வேலை பார்த்தவர். அவருடைய வேலை போனது. அவருடைய மனைவி ஒரு விடுதியில் வேலை செய்தார். பெயரை எடுத்துவிடு என்றார்கள். எடுக்கவில்லை. அந்த வேலையும் போனது. டிலேன் ஆசிரியர் வேலையை இழந்தார். அவருடைய வீடு எரிந்தது. 1955இல் அவருடைய தேவாலயமும் எரிந்தது. வீட்டை நோக்கிச் சுட்டார்கள். இரவோடிரவாக மாநிலத்தை விட்டு வெளியேறினார்.

நமக்கு இது அந்நியமான கதை அல்ல. 1920களின் கடைசியில், உதவி பெறும் பாடசாலைகளில் எல்லாப் பிள்ளைகளுக்கும் சம ஆசனம் கொடுக்க வேண்டும் என்று இந்த நாட்டு அரசாங்கம் பணித்தது. ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைகள் அதுவரை தரையில் உட்கார்ந்தார்கள். அவர்களை வாங்கில் உட்கார வைத்ததற்காக யாழ்ப்பாணத்தில் பாடசாலைகள் கொளுத்தப்பட்டன. ஒரு பிள்ளை இன்னொரு பிள்ளைக்குப் பக்கத்தில் உட்காருவதைத் தாங்க முடியாதவர்கள் எல்லா நாட்டிலும் இருந்தார்கள். தீப்பெட்டி எல்லா நாட்டிலும் விற்றது.

அடுத்தது சட்டத்தரணிகள். "ஒரே தீர்ப்பில்" என்று எழுதியவருக்குச் சொல்கிறோம்: அந்தத் தீர்ப்புக்குப் பின்னால் இருபது வருட வேலை இருந்தது. சார்ள்ஸ் ஹமில்டன் ஹூஸ்டன் என்ற கறுப்பினச் சட்ட ஆசிரியர் 1930களில் அந்த வேலையைத் தொடங்கினார். ஹவார்ட் பல்கலைக்கழகத்தின் சட்டபீடத்தில் படிப்பித்தவர். தெற்கு மாநிலங்களுக்குக் கமராவோடு போய்ப் பாடசாலைகளைப் படம் பிடித்தார். அவரிடம் படித்தவர்தான் தேர்குட் மார்ஷல். இருவரும் நேரே ஆரம்பப் பாடசாலை வாசலுக்குப் போகவில்லை. முதலில் பல்கலைக்கழகங்களின் கதவைத் தட்டினார்கள். கறுப்பின மாணவன் ஒருவனுக்காகச் சமமான சட்டக் கல்லூரி ஒன்றைத் தனியாகக் கட்டுவது எந்த மாநிலத்துக்கும் முடியாத காரியம் என்பது அவர்களின் கணக்கு. 1936இல் மேரிலண்ட், 1938இல் மிசூரி என்று ஒவ்வொரு கல்லாகப் பெயர்த்தார்கள்.

அவற்றில் ஒரு வழக்கை ஆசிரியர்களான எங்களால் மறக்க முடியாது. ஜோர்ஜ் மக்லோரின் வயதில் மூத்த ஆசிரியர். ஒக்லஹோமா பல்கலைக்கழகத்தில் கல்வியியலில் கலாநிதிப் பட்டம் படிக்கப் போனார். நீதிமன்றம் சொன்னதால் சேர்த்துக்கொண்டார்கள். ஆனால் வகுப்பறைக்குள் விடவில்லை. பக்கத்து ஒதுக்கிடத்தில் ஒரு மேசை போட்டு, அங்கிருந்து பாடம் கேட்கச் சொன்னார்கள். நூலகத்தில் தனி மேசை. சாப்பாட்டு அறையில் தனி மேசை, தனி நேரம். புத்தகம், ஆசிரியர், பாடம் எல்லாம் மற்றவர்களுக்குப் போலவே. "எல்லாம் சமம்தானே, இன்னும் என்ன வேண்டும்?" என்று கேட்டார்கள். 1950இல் உயர் நீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. மற்ற மாணவர்களோடு பேசுவதும் வாதிடுவதும் கருத்துப் பரிமாறுவதும் படிப்பின் பகுதி, அதைத் தடுத்துவிட்டுச் சமம் என்று சொல்ல முடியாது என்றது. ஹூஸ்டன் அதே ஆண்டில் காலமாகிவிட்டார். அவர் திறந்த பாதையில் மார்ஷல் ஆரம்பப் பாடசாலை வாசலுக்கு வந்தார்.

இன்னும் இரண்டு வழக்குகளைச் சொல்லியாக வேண்டும். ஞாயிற்றுக்கிழமைக்கு இவைதான் மிகவும் தேவை.

ஒன்று 1927இல் வந்தது. மிசிசிப்பி மாநிலத்தில் கொங் லும் என்ற சீனர் கடை வைத்திருந்தார். அவருடைய மகளை வெள்ளையர் பாடசாலையிலிருந்து அனுப்பிவிட்டார்கள். அவர் நீதிமன்றம் போனார். பிள்ளைகளைப் பிரிப்பது பிழை என்று அவருடைய தரப்பு வாதாடவில்லை. எங்கள் பிள்ளை கறுப்புப் பிள்ளை இல்லையே, அவளை ஏன் அந்தப் பக்கம் போடுகிறீர்கள் என்றுதான் கேட்டது. பூட்டு இருக்கட்டும், எங்களுக்கு மட்டும் ஒரு சாவி தாருங்கள் என்ற கேள்வி அது. உயர் நீதிமன்றம் சாவியும் கொடுக்கவில்லை. மாநிலம் யாரை எந்தப் பக்கம் போட்டாலும் சரிதான் என்று பூட்டை இன்னும் இறுக்கிவிட்டது.

மற்றது கலிபோர்னியாவில் நடந்தது. மெக்சிக்கோ வம்சாவளிக் குடும்பங்கள் வாழ்ந்த ஊர். ஒரு மாமி தன் பிள்ளைகளையும் சகோதரன் கொன்சாலோ மெண்டெஸின் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு பாடசாலைக்குப் போனார். மாமியின் பிள்ளைகள் வெளிறிய நிறம், குடும்பப் பெயரும் வேறு மாதிரி. அவர்களைச் சேர்க்கலாம் என்றார்கள். மெண்டெஸின் பிள்ளைகள் கறுத்த நிறம். அவர்கள் மெக்சிக்கோப் பிள்ளைகளின் பாடசாலைக்குப் போகட்டும் என்றார்கள். மாமி என்ன செய்தார் தெரியுமா? அப்படியானால் என் பிள்ளைகளும் வேண்டாம் என்று எல்லோரையும் திருப்பிக் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார். மெண்டெஸ் மற்ற நான்கு குடும்பங்களோடு சேர்ந்து வழக்குப் போட்டார். 1946இல் வென்றார்கள், 1947இல் மேன்முறையீட்டிலும் வென்றார்கள். அதே ஆண்டில் அந்த மாநிலம் பாடசாலைகளில் பிள்ளைகளைப் பிரிக்க அனுமதித்த சட்டத்தை நீக்கியது. அந்த நீக்கத்தில் கையெழுத்திட்ட ஆளுநர் ஏர்ல் வாரன். ஏழு வருடங்களின் பின்னர் பிரவுன் வழக்கின் தீர்ப்பை வாசித்த பிரதம நீதியரசரும் அவர்தான்.

கொங் லும்மின் கேள்வி, மாமியின் முடிவு. நமது ஊர் இந்த இரண்டில் எந்தப் பக்கம் நிற்கிறது என்று நீங்களே சொல்லுங்கள்.

இனி பிரவுன் வழக்கு. கன்சாஸ், தென் கரோலினா, வர்ஜீனியா, டெலவெயார் ஆகிய நான்கு மாநிலங்களின் வழக்குகள் ஒன்றாக்கப்பட்டன. தலைநகர் வொஷிங்டனின் வழக்கு அதே நாளில் தனியாகத் தீர்க்கப்பட்டது. கன்சாஸின் டொபீகா நகரில் ஒலிவர் பிரவுன் உட்பட 13 பெற்றோர் வழக்காளிகள். பிரவுனின் மகள் லிண்டாவுக்கு வீட்டுக்குக் கிட்ட ஒரு பாடசாலை இருந்தது. அது வெள்ளைப் பிள்ளைகளுக்கானது. அவள் ரயில் தண்டவாளப் பக்கமாக நடந்து, பஸ் பிடித்து, தூரத்துப் பாடசாலைக்குப் போனாள்.

இதைக் கவனியுங்கள். டொபீகாவின் கறுப்பினப் பாடசாலைகள் கிளாரண்டனைப் போல் இடிந்து கிடக்கவில்லை. கட்டடம் நல்லது. ஆசிரியர்கள் நல்லவர்கள். பெற்றோர் அந்த ஆசிரியர்களைக் குறை சொல்லி நீதிமன்றம் போகவில்லை. "உன் நிறத்துக்கு இந்த வாசல் இல்லை" என்று அரசாங்கம் போட்ட பூட்டை எதிர்த்துப் போனார்கள். நீதிமன்றமும் அந்தக் கேள்விக்கே பதில் சொன்னது. 1954 மே 17ஆம் திகதி, ஒன்பது நீதியரசர்களும் ஒருமித்து, கட்டடமும் வசதியும் சமமாக இருந்தாலும் இனத்தை மட்டும் பார்த்துப் பிள்ளைகளைப் பிரிப்பது அந்தப் பிள்ளைகளின் சம வாய்ப்பைப் பறிக்கிறது என்றார்கள். ஒதுக்கப்பட்ட பிள்ளையின் மனதில் தான் தாழ்ந்தவன் என்ற எண்ணத்தை அது விதைக்கிறது, அது எளிதில் ஆறாது என்றார்கள்.

முதல் செய்தியை எழுதியவருக்கு எங்கள் பதில் இதுதான். அந்தத் தீர்ப்பு உடைத்தது அரசாங்கம் வாசலில் போட்ட பூட்டை. ஒரு சமூகம் தன் பிள்ளைகளுக்காகக் கட்டி வளர்த்த பாடசாலையைக் குற்றம் என்று அது சொல்லவில்லை. நமது முஸ்லிம் பாடசாலைகள் யாரையும் துரத்துவதற்காக உருவானவை அல்ல. படிப்பில் பின்தங்கிக் கிடந்த ஒரு சமூகத்தைப் படிக்க வைக்க சித்தி லெப்பை போன்றவர்கள் ஊர் ஊராக அலைந்து உருவாக்கியவை. அவற்றை மூடினால் அடுத்த நாளே எல்லாப் பெரிய பாடசாலைகளும் நமது பிள்ளைகளை வரவேற்றுவிடுமா? தீர்ப்பை நீட்டுகிற கைகளிடம் முதலில் அதைக் கேளுங்கள்.

மூடினால் என்ன நடக்கும் என்பதற்கும் அமெரிக்காவே பதில் வைத்திருக்கிறது. தீர்ப்பு வருவதற்கு முன்பே, 1953இல், டொபீகாவின் கல்வி நிர்வாகம் கறுப்பின ஆசிரியர்கள் சிலருக்குக் கடிதம் அனுப்பியது. நீதிமன்றம் பிரிவினையை நீக்கினால், வெள்ளைப் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கக் கறுப்பின ஆசிரியர்களை நகர மக்கள் விரும்ப மாட்டார்கள், ஆகவே அடுத்த ஆண்டு உங்களுக்கு வேலை இல்லை என்பது அதன் பொருள். பிறகு தெற்கு முழுவதும் அது நடந்தது. 1954இலிருந்து 1965 வரை 17 மாநிலங்களில் 38,000க்கும் மேற்பட்ட கறுப்பின ஆசிரியர்களும் அதிபர்களும் வேலை இழந்ததாகக் கணக்கிடுகிறார்கள். சேர்த்தல் என்ற பெயரில் மூடப்பட்டவை பெரும்பாலும் கறுப்பினப் பாடசாலைகள். பிள்ளைகள் போனார்கள். அவர்களைப் பெயர் சொல்லி அறிந்த ஆசிரியர்கள் வாசலுக்கு வெளியே நின்றார்கள். பூட்டை உடைக்கச் சொன்ன தீர்ப்பை எடுத்து வீட்டையே இடித்த கதை இது. அந்த இடிப்பைத்தான் சிலர் இங்கே முன்மாதிரி என்கிறார்கள்.

தீர்ப்பு வந்ததும் எல்லாம் சரியாகிவிட்டது என்றும் நினைக்காதீர்கள். 1955இல் அதே நீதிமன்றம், எல்லா நிதானத்தோடும் விரைவாகச் செய்யுங்கள் என்று ஒரு வாசகத்தைக் கொடுத்தது. தெற்கு நிதானத்தை எடுத்துக்கொண்டது, விரைவை விட்டுவிட்டது. பத்து வருடம் கழித்துப் பார்த்தால், தென் மாநிலங்களில் நூறு கறுப்பினப் பிள்ளைகளில் மூன்று பேர்கூட வெள்ளைப் பிள்ளைகளோடு படிக்கவில்லை.

வர்ஜீனியாவின் பிரின்ஸ் எட்வர்ட் மாவட்டத்தைப் பாருங்கள். அங்கிருந்த கறுப்பின உயர்தரப் பாடசாலை 180 பிள்ளைகளுக்குக் கட்டியது. 450க்கும் மேற்பட்டவர்கள் படித்தார்கள். இடம் போதாமல் தார்க் கடதாசி போர்த்திய கொட்டில்களில் வகுப்பு நடந்தது. 1951 ஏப்ரலில் பார்பரா ஜோன்ஸ் என்ற 16 வயது மாணவி முழுப் பாடசாலையையும் வேலைநிறுத்தத்துக்குக் கூட்டிப் போனாள். நமது பதினோராம் வகுப்புப் பிள்ளைகளின் வயது. அந்தப் போராட்டமும் பிரவுன் வழக்கில் ஒன்றானது, வென்றது. மாவட்டம் என்ன செய்தது? 1959இல் அரசாங்கப் பாடசாலைகள் எல்லாவற்றையும் பூட்டியது. வெள்ளைப் பிள்ளைகளுக்குத் தனியார் பாடசாலை அமைத்துக்கொண்டார்கள். ஆயிரத்துக்கும் மேற்பட்ட கறுப்பினப் பிள்ளைகள் ஐந்து வருடம் பாடசாலை இல்லாமல் கிடந்தார்கள். 1964இல் உயர் நீதிமன்றம் மறுபடி தலையிட்ட பிறகே கதவு திறந்தது. பக்கத்தில் இன்னொரு பிள்ளை உட்காரக்கூடாது என்பதற்காகப் பாடசாலையையே பூட்டிய மனிதர்கள்! அவர்களும் "எங்கள் தனித்துவம், எங்கள் கலாசாரம்" என்றுதான் சொன்னார்கள்.

இனி நமது ஊருக்கு வருவோம்.

சில வருடங்களுக்கு முன் நம்மில் ஒரு ஆசிரியையின் மகளுக்கு வேறொரு ஊர்ப் பாடசாலையில் இடம் கேட்டோம். பெறுபேறு இருந்தது. இடமும் இருந்தது. "உங்கட ஆக்களுக்கு உங்கட ஸ்கூல் இருக்குத்தானே" என்றார்கள். அன்று இந்த ஊரே துடித்தது. பள்ளிவாசல் முற்றத்தில் மேசை போட்டுக் கையெழுத்து வாங்கினோம். இப்போது தீர்மானம் எழுதியவர்களும் அந்தத் தாளில் கையெழுத்து வைத்தவர்கள். அந்தப் பிள்ளை அன்றிரவு "நான் என்ன பிழை செய்தேன் உம்மா?" என்று கேட்டதைத் தாய் எங்களிடம் சொல்லி அழுதார். ஞாயிற்றுக்கிழமை நாம் கை உயர்த்தினால், தோட்டத்து லயத்தில் நான்கு பிள்ளைகள் அதே கேள்வியைத் தங்கள் அம்மாமாரிடம் கேட்பார்கள். அன்று நமக்கு அது அநியாயமாக இருந்தது. இன்று மட்டும் எப்படி அது தனித்துவமாகிவிட்டது?

சட்டத்தையும் சொல்லிவிடுகிறோம். நமது பாடசாலை அரசாங்கப் பாடசாலை. சம்பளம் அரசாங்கத்தின் பணம், பாடப்புத்தகம் அரசாங்கத்தின் பணம். அந்தப் பணத்தில் தோட்டத்தில் கொழுந்து பறிக்கிறவரின் வியர்வையும் இருக்கிறது. 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 12(2)ஆம் உறுப்புரை, இனம், மதம், மொழி, சாதி, பால், அரசியல் கருத்து, பிறப்பிடம் காரணமாக எந்தப் பிரஜைக்கும் பாரபட்சம் காட்டக்கூடாது என்கிறது. நிர்வாக நடவடிக்கையால் அந்த உரிமை மீறப்பட்டால், 126ஆம் உறுப்புரையின் கீழ் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்கு மனுக் கொடுக்கலாம். நமது ஆசிரியைக்கு அந்த ஒரு மாதக் கணக்கு அன்று தெரியவில்லை. நாட்கள் கடந்துபோயின. நாளைக்கு அந்த நான்கு பெற்றோருக்குத் தெரிந்திருந்தால், எதிர்மனுதாரராக நிற்கப்போவது நமது பாடசாலை. அதைவிட வெட்கம், அந்த மனுவில் நியாயம் அவர்கள் பக்கம் இருக்கும் என்பது.

நீங்கள் சொல்லும் காரணங்களையும் பார்ப்போம்.

"நம்மட பிள்ளைகளுக்கு இடம் குறையும்" என்கிறீர்கள். விஞ்ஞான வகுப்பில் இப்போது 19 பிள்ளைகள். 30 கதிரைகள். பதினொரு கதிரையில் தூசிதான் இருக்கிறது. பிள்ளை குறைந்தால் ஆசிரியர் ஆளணியும் குறையும், பிரிவே கைவிட்டுப் போகும் என்று வலயக் கல்விப் பணிமனையில் கேட்டு வந்தவர்கள் நாங்கள். அந்த நான்கு பிள்ளைகள் வருவது நமது பிரிவுக்கும் உயிர்.

"கலாசாரம் கெடும்" என்கிறீர்கள். லுஹர் தொழுகை நடக்கும். ரமழான் விடுமுறை இருக்கும். ஒரு பிள்ளை நெற்றியில் திருநீறோடு இரசாயனவியல் படித்தால் நம் பிள்ளையின் ஈமான் ஆடிவிடும் என்றால், ஆடுவது ஈமானா, நாம் வளர்த்த விதமா? கொழும்பு ஸாஹிராக் கல்லூரியைவிடப் பெரிய முஸ்லிம் பாடசாலை ஒன்றை இந்த நாட்டில் காட்டுங்கள். பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பி படித்தது அங்கே. பிறகு ஆசிரியராக இருந்ததும் அங்கே. அதனால் ஸாஹிராவின் தனித்துவம் குறைந்ததா, பெயர் கூடியதா?

"அவங்க நம்மளச் சேர்க்கலியே, நாங்க ஏன் சேர்க்கணும்?" இதுதான் பெரிய கேள்வி என்று நினைக்கிறீர்கள். நம்மைச் சேர்க்காத அந்தப் பாடசாலைக்கும் இந்த நான்கு பிள்ளைகளுக்கும் என்ன சம்பந்தம்? அந்தப் பாடசாலை வாசலில் இவர்கள் போனாலும் இடம் கிடைக்காது. பெரிய பாடசாலைகள் நம்மைத் தள்ளுகின்றன, நாம் நம்மைவிட இல்லாதவர்களைத் தள்ளுகிறோம். ஒவ்வொரு ஜும்ஆவிலும் குத்பாவில் நீதியைப் பற்றிக் கேட்டுத் தலையாட்டுகிறோம். அந்த நீதி நமது மதிலோடு நின்றுவிடும் என்று எந்த ஆலிம் நமக்குச் சொல்லித் தந்தார்?

இன்னொன்றையும் யோசியுங்கள். முஸ்லிம் பாடசாலைகளை மூடச் சொல்கிறவர்கள் ஒரு சாட்சிக்காகக் காத்திருக்கிறார்கள். "பாருங்கள், இவர்கள் மற்ற இனப் பிள்ளைகளை உள்ளே விடுவதில்லை" என்று காட்ட ஒரு காகிதம் அவர்களுக்குத் தேவை. ஞாயிற்றுக்கிழமைத் தீர்மானம் அந்தக் காகிதம். நாமே தட்டச்சு செய்து, தலைவர், செயலாளர் முத்திரை குத்தி அவர்கள் கையில் கொடுக்கப்போகிறோம்.

ஆகவே எங்கள் வேண்டுகோள் இது. ஞாயிறு அஸர் தொழுகைக்குப் பின் கூட்டம். வாருங்கள். வராமல் வீட்டிலிருந்து கட்டை விரல் காட்டாதீர்கள். அந்தத் தீர்மானத்துக்கு எதிராகக் கை உயர்த்துங்கள். ஆசிரியர்களான நாங்கள் முதலில் உயர்த்துகிறோம், இந்த முறை மௌனமாக இருக்க மாட்டோம். அத்தோடு இன்னொரு தாளும் கொண்டு வருகிறோம். இரண்டு வருடமாக நமக்குப் பௌதிகவியல் ஆசிரியர் இல்லை. தோட்டப் பாடசாலைக்குக் கணித ஆசிரியர் இல்லை. இரண்டு பாடசாலைப் பெற்றோரும் ஒரே மனுவில் கையெழுத்து வைத்து வலயக் கல்விப் பணிப்பாளரிடம் போவோம். தோட்டத்துப் பெற்றோர் சிலரோடு பேசியிருக்கிறோம், வருகிறோம் என்றிருக்கிறார்கள்.

கிளாரண்டனில் ஒரு பஸ்ஸுக்காகத் தொடங்கியவர்கள் வேலையை இழந்தார்கள், வீட்டை இழந்தார்கள், பெயரை மட்டும் பட்டியலிலிருந்து எடுக்கவில்லை. நம்மிடம் அந்த விலையை யாரும் கேட்கவில்லை. ஒரு மாலை நேரமும் ஒரு கையெழுத்தும்தான் கேட்கிறோம். பேனை நாங்கள் கொண்டு வருகிறோம்.

தோட்டத்துப் பிள்ளைகளில் ஒருத்தி விண்ணப்பப் படிவத்தைக் கொண்டு வந்து கொடுத்த அன்று, காரியாலய வாசலில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் உள்ளே வந்தாள். போட்டுக்கொண்டு வா மகள் என்றோம். தயங்கினாள். அடுத்த தவணையில் அவள் செருப்போடு நேரே வகுப்பறைக்கு நடந்து வர வேண்டும். அதற்கு ஞாயிற்றுக்கிழமை உங்கள் கை வேண்டும்.

வஸ்ஸலாம்.